ஓசிச் சுவரில் மாட்டிய படங்கள்

2017-ம் வருடம், ஜூன் மாதக் கடைசி. இணையத்தில் ஒரு விபரீதம் நடந்தது. வைரஸ் எதுவும் பரவவில்லை. யாரும் யார் கணக்கிலும் புகுந்து பணம் திருடவில்லை. படங்கள் காணாமல் போயின, அவ்வளவுதான்.

பழைய காரின் இன்ஜினை எப்படிக் கழற்றி, சுத்தம் செய்து, மறுபடி மாட்டுவது என்று முப்பது நாற்பது படங்களோடு யாரோ ஒரு புண்ணியவான் பத்து வருடம் முன்னால் எழுதிவைத்த பக்கம் ஒன்றைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். எழுத்து அப்படியே இருக்கிறது. 'கீழே படத்தில் உள்ள திருகை இடப்பக்கம் திருப்பவும்' என்ற வரியும் பத்திரமாக இருக்கிறது. கீழே படத்தை மட்டும் காணோம். அதற்குப் பதிலாக மீட்டர் முள் மாதிரி ஒரு சித்திரம். கூடவே, வெளித்தளங்களில் படம் தெரிய வேண்டுமானால் உங்கள் கணக்கை மேம்படுத்திக்கொள்ளுங்கள் என்று ஒரு வாசகம்.

ஒரு பக்கம் இரண்டு பக்கம் இல்லை. பொம்மை ரயில் கட்டுகிறவர்கள், தையல்காரர்கள், தோட்டம் போடுகிறவர்கள், ஈபேயிலும் அமேசானிலும் சாமான் விற்கிறவர்கள் என்று கோடிக்கணக்கான படங்கள் ஒரே அடியாக அவுட். அத்தனை படமும் ஃபோட்டோபக்கெட் என்கிற ஒரே கம்பெனியின் சர்வரில் இருந்தவை. கம்பெனி சத்தம் போடாமல் தன் விதிமுறைகளை மாற்றியிருந்தது. இனிமேல் எங்களிடம் வைத்திருக்கும் படத்தை வேறு இடத்தில் காட்ட வேண்டுமா? வருடத்துக்கு 399.99 டாலர். அன்றைய மதிப்பில் சுமார் 25 ஆயிரம் ரூபாய்!

பணயத்தொகை கேட்கிறார்கள் என்று உலகம் முழுக்கத் திட்டித் தீர்த்தார்கள். திட்டியவர்களில் முக்கால்வாசிப் பேர் அந்தக் கம்பெனிக்கு அதுவரை ஒரு பைசா கொடுத்ததில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

நான் காமர்ஸ் படித்தவன். யார் எந்தக் கதையைச் சொன்னாலும், 'இதில் யார் காசு போகிறது, யாருக்கு வருகிறது?' என்று உள்ளுக்குள் ஒரு கணக்குப்பிள்ளை உட்கார்ந்து கேட்டுக்கொண்டே இருப்பான். இந்தக் கதையில் அவன் கேட்கும் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டுமென்றால், உங்கள் கீபோர்டின் மேல் வரிசையில் வலது ஓரமாக, யாரும் சீண்டாமல் கிடக்கும் ஒரு பட்டனிலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.

பிரின்ட் ஸ்கிரீன்.

*

கம்ப்யூட்டர் திரையில் தெரிவதை அடுத்தவருக்குக் காட்ட வேண்டும் என்ற ஆசை, கம்ப்யூட்டருக்குத் திரை வந்த அன்றே வந்துவிட்டது. ஆரம்பத்தில் வழி ஒன்றுதான். கேமராவைத் தூக்கித் திரைக்கு முன்னால் வைத்து, ஒரு க்ளிக். இவான் சதர்லாண்ட், அமெரிக்காவில் எம்.ஐ.டி.யில் 'ஸ்கெட்ச்பேட்' என்ற மென்பொருளை எழுதி, 1963-ல் அதை ஆய்வேடாகக் கொடுத்தார். திரையில் பேனா மாதிரி ஒன்றை வைத்துக் கோடு வரையலாம் என்று உலகத்துக்கு முதலில் காட்டிய ஆய்வேடு. அதில் இருக்கும் திரைப் படங்கள் இப்படிக் கேமராவில் எடுத்தவைதான்.

1981-ல் ஐ.பி.எம். தன் பெர்சனல் கம்ப்யூட்டரைக் கொண்டுவந்தது. அதன் கீபோர்டில் நட்சத்திரக் குறி இருக்கும் பட்டனிலேயே பிரின்ட் ஸ்கிரீன் என்றும் சுருக்கமாக எழுதியிருக்கும். ஷிஃப்ட்டையும் அதையும் சேர்த்து அமுக்கினால், திரையில் இருக்கும் எழுத்துகள் அப்படியே பிரின்டருக்குப் போகும். 'பிரின்ட்' என்றால் நிஜமாகவே பிரின்ட்! டர்ர்ர் டர்ர்ர் என்று தாளில் அடித்துத் துப்பிவிடும். இந்த வேலைக்கென்று தனி மென்பொருள்கூட வேண்டாம். கம்ப்யூட்டரின் உள்ளே ஆதாரமாக இருக்கும் 'பயாஸ்' சிப்பிலேயே எழுதிவைத்திருந்தார்கள்.

1984-ல் ஆப்பிளின் மெக்கின்டாஷ் வந்தபோது விஷயம் ஒரு படி மேலே போனது. கமாண்ட், ஷிஃப்ட், 3 என்று மூன்று பட்டன்களைச் சேர்த்து அமுக்கினால் திரை ஒரு படமாக டிஸ்க்கில் பதிவாகும். மெக்பெயின்ட்டில் திறந்து பார்க்கலாம். நாற்பது வருடம் கழித்தும் மெக் வைத்திருப்பவர்கள் அதே மூன்று பட்டன்களைத்தான் அமுக்கினார்கள். கம்ப்யூட்டர் உலகத்தில் இவ்வளவு காலம் மாறாமல் இருந்த சமாசாரங்களை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

விண்டோஸ் என்ன செய்தது? பட்டன் மேல் இருக்கும் 'பிரின்ட்' என்ற சொல்லை அப்படியே விட்டுவிட்டு, அர்த்தத்தை மாற்றிவிட்டது. அமுக்கினால் பிரின்ட் ஆகாது. ஒன்றுமே ஆகாதது போல இருக்கும். உண்மையில் திரையின் நகல் ஒன்று கிளிப்போர்டில் போய்ப் பதுங்கியிருக்கும். அதை வெளியே எடுக்க பெயின்ட்டைத் திறந்து, ஒட்டி, வேண்டாத ஓரங்களை வெட்டி, பெயர் வைத்துச் சேமித்து... ஒரு ஸ்கிரீன்ஷாட் அனுப்பக் கல்யாணச் சடங்கு மாதிரி ஏழெட்டு படிகள்! இந்தச் சடங்கைக் குறைத்துக்கொடுத்தே சம்பாதித்த கம்பெனிகள் உண்டு. டெக்ஸ்மித் 1990-ல் கொண்டுவந்த 'ஸ்னாகிட்' அந்த வகை. விண்டோஸில் கத்தரித்து எடுக்கும் 'ஸ்னிப்பிங் டூல்' சேர்ந்தே வந்தது 2007-ல், விஸ்டாவோடுதான்.

சரி, படம் எடுத்தாச்சு. அதை எங்கே வைப்பது? எப்படிக் காட்டுவது?

*

1993 பிப்ரவரியில் மார்க் ஆண்ட்ரீசன் என்ற இளைஞர் ஒரு யோசனையை முன்வைத்தார். அப்போது அவர் இல்லினாய் பல்கலைக்கழகத்தில் 'மொஸைக்' என்ற பிரவுசரைக் கட்டிக்கொண்டிருந்தார். வலைப்பக்கத்தில் எழுத்துக்கு நடுவே படமும் தெரிய ஒரு புதுக் கட்டளை வேண்டும் என்பது யோசனை. மூன்றே எழுத்து: ஐ.எம்.ஜி. வலையைக் கண்டுபிடித்த டிம் பெர்னர்ஸ்-லீ உள்பட சிலர் இதை வேறு விதமாகச் செய்யலாமே என்றார்கள். ஆண்ட்ரீசன் காத்திருக்கவில்லை. மொஸைக்கில் சேர்த்து வெளியிட்டேவிட்டார். அதுவே நிலைத்தும்விட்டது.

இந்தக் கட்டளையில் ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். படம் எந்த முகவரியில் இருக்கிறது என்று மட்டும்தான் அது கேட்கும். உங்கள் தளத்திலேயே இருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. உங்கள் வீட்டுக் கூடத்தில் மாட்டியிருக்கும் படம், உண்மையில் எதிர்வீட்டு பீரோவில் இருக்கலாம். உங்கள் வீட்டுக்கு வரும் ஒவ்வொரு விருந்தாளிக்காகவும் எதிர்வீட்டுக்காரர் பீரோவைத் திறந்து எடுத்துக் காட்ட வேண்டும். பார்க்கிறவர் உங்களைத்தான் பாராட்டுவார். எதிர்வீட்டில் ஒருவர் மூச்சு வாங்க நிற்பது அவருக்குத் தெரியவே தெரியாது.

இன்னொரு துண்டு 1995-ல் வந்தது. ஜெராக்ஸ் கம்பெனியைச் சேர்ந்த எர்னஸ்டோ நெபல், லாரி மாசின்டர் என்ற இரண்டு பேர், வலைப்பக்கத்தில் இருக்கும் படிவத்தின் வழியாகக் கோப்பை அனுப்பும் முறையை எழுதிக் கொடுத்தார்கள். இன்டர்நெட்டின் விதிமுறை ஆவணங்களில் அதற்கு எண் 1867. வேலைக்கு விண்ணப்பிக்க, பாஸ்போர்ட் எடுக்க, 'பிரவுஸ்' பட்டனை அமுக்கி ஃபைலை ஏற்றுகிறோமே, அதற்கு மூலம் இதுதான். பிரவுசரிலிருந்து சாதாரண ஆசாமிகள் ஒரு படத்தை சர்வருக்கு அனுப்ப வழி பிறந்தது.

அதே வருடம் இன்னொரு நல்ல காரியம் நடந்தது. அதுவரை ஸ்கிரீன்ஷாட்டுக்குத் தோதாக இருந்தது, கம்ப்யூசர்வ் 1987-ல் வெளியிட்ட ஜிஃப் வகைப் படம். (ஜேபெக் வகை முகங்களுக்கும் மலைகளுக்கும் சரி. எழுத்து இருக்கும் திரையை அதில் சேமித்தால் ஒவ்வொரு எழுத்தைச் சுற்றியும் அழுக்குப் படிந்த மாதிரி இருக்கும்.) ஆனால் ஜிஃப்புக்கு உள்ளே இருந்த சுருக்கும் முறைக்குக் காப்புரிமை யுனிசிஸ் கம்பெனியிடம் இருந்தது. 1994 டிசம்பர் கடைசியில், ஜிஃப் படம் உருவாக்கும் மென்பொருள்கள் இனி கட்டணம் கட்ட வேண்டும் என்று அறிவிப்பு வந்தது. ஒரு வாரத்தில், 1995 ஜனவரியில், தாமஸ் பௌட்டெல் என்ற புரோகிராமர் காப்புரிமைத் தொல்லை இல்லாத புதுவகைக்கு ஒரு வரைவை எழுதிப்போட்டார். கோபத்தில் பிறந்த அந்தக் குழந்தைதான் பி.என்.ஜி. உங்கள் ஸ்கிரீன்ஷாட்டின் வால் பெயரைப் பாருங்கள், அநேகமாக அதுவாகத்தான் இருக்கும்.

*

2003-ல் கடைகள் திறந்தன. அமெரிக்காவில் அலெக்ஸ் வெல்ச், டேரன் கிறிஸ்டல் இருவரும் ஃபோட்டோபக்கெட்டை ஆரம்பித்தார்கள். அதே வருடக் கடைசியில் இமேஜ்ஷாக் வந்தது. படத்தை ஏற்றுங்கள், ஒரு முகவரி தருகிறோம், எங்கே வேண்டுமானாலும் ஒட்டிக்கொள்ளுங்கள். ஓசி!

கனடாவின் வான்கூவரில் ஸ்டூவர்ட் பட்டர்ஃபீல்டும் கேத்ரினா ஃபேக்கும் ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டைக் கட்டிக்கொண்டிருந்தார்கள். விளையாட்டு தேறவில்லை. அதற்காகச் செய்த படம் பகிரும் வசதி தேறியது. 2004 பிப்ரவரியில் அது ஃப்ளிக்கர் ஆனது. அடுத்த வருடமே யாஹூ வாங்கிவிட்டது.

ஃபோட்டோபக்கெட் வளர்ந்தது முக்கியமாக மைஸ்பேஸின் முதுகில் சவாரி செய்து. மைஸ்பேஸில் பக்கம் வைத்திருந்த இளசுகள் அதை அலங்கரிக்கப் படங்களை இங்கே வைத்தார்கள். 2007 ஏப்ரலில் மைஸ்பேஸ், ஃபோட்டோபக்கெட்டிலிருந்து வரும் வீடியோக்களைத் தடை செய்தது. மே மாதம், மைஸ்பேஸின் சொந்தக்காரரான ரூபர்ட் மர்டாக்கின் நியூஸ் கார்ப்பரேஷன் அந்தக் கம்பெனியையே சுமார் 25 கோடி டாலருக்கு வாங்கிப் போட்டது. முதலில் கதவை அடைப்பது, அப்புறம் வீட்டையே விலை பேசுவது! இரண்டே வருடத்தில் மைஸ்பேஸ் மங்க, 2009 டிசம்பரில் ஃபோட்டோபக்கெட்டை ஒன்டெலா என்ற சின்னக் கம்பெனிக்குத் தள்ளிவிட்டார்கள். வாங்கிய கம்பெனி தன் பெயரை விட்டுவிட்டு வாங்கிய பெயரையே வைத்துக்கொண்டது.

இப்போது கணக்குப்பிள்ளை வாய் திறக்கிறான். இவர்களுக்கு வருமானம் எங்கிருந்து? விளம்பரம். விளம்பரம் எங்கே இருக்கும்? கம்பெனியின் சொந்தப் பக்கத்தில். ஆனால் படத்தைப் பார்க்கிறவர்கள் எங்கே பார்க்கிறார்கள்? யாரோ ஒருவருடைய பக்கத்தில். அங்கே இருக்கும் விளம்பரத்துக்குக் காசு அந்த யாரோ ஒருவருக்கு. படத்தை அனுப்ப ஆகும் டேட்டா செலவு மட்டும் இவர்களுக்கு. அதாவது வாடிக்கையாளர் எவ்வளவு சந்தோஷமாக உபயோகிக்கிறாரோ, அந்த அளவுக்கு நஷ்டம். முதல் வருட அக்கவுன்டன்ஸி மாணவனிடம் இந்த பேலன்ஸ் ஷீட்டைக் காட்டினாலே போதும், முகம் சுளிப்பான். வெளிமுதலீடு வருகிற வரை, கம்பெனியை யாராவது வாங்குகிற வரை, சக்கரம் சுற்றும்.

*

சக்கரத்தை வேகமாகச் சுற்ற வைத்த ஒரு சின்ன சாமானைப் பற்றி இங்கே சொல்லியாக வேண்டும். ப்ளக்-இன்.

அதற்கு முன்னால் டி.எல்.எல். கோப்பு என்றால் என்னவென்று பார்த்துவிடலாம். சி டிரைவைத் திறந்தால் இந்த வால் பெயரோடு ஆயிரக்கணக்கில் கிடக்கும். திருவல்லிக்கேணியில் ஒண்டுக்குடித்தன வீடுகள் பார்த்திருப்பீர்கள். பத்துக் குடும்பம், ஒரு கிணறு, ஒரு ஆட்டுக்கல். ஆளுக்கொன்று வைத்துக்கொள்ள இடம் கிடையாது. 1985-ல் வந்த முதல் விண்டோஸும் அப்படியொரு நெருக்கடியான வீடுதான். 256 கிலோபைட் நினைவகத்துக்குள் வாழ வேண்டும். அதனால் எல்லா மென்பொருள்களுக்கும் தேவையான வேலைகளைத் தனிக் கோப்புகளில் வைத்து, வேண்டும்போது கூப்பிட்டுக்கொள்ளும் ஏற்பாட்டைச் செய்தார்கள். அந்தக் கோப்புதான் டி.எல்.எல். புதிதாகக் குடிவந்தவர் ஆட்டுக்கல்லை மாற்றிவிட்டால் பழைய குடித்தனக்காரர்களுக்கு மாவு அரைபடாது. ஒரு மென்பொருளை நிறுவினால் இன்னொன்று படுத்துவிடும் அந்த அவஸ்தைக்கு 'டி.எல்.எல். நரகம்' என்றே பெயர் வைத்துப் புலம்பினார்கள்.

ப்ளக்-இன் இதற்குப் பங்காளி. மிக்ஸி மாதிரி வைத்துக்கொள்ளுங்கள். மோட்டார் ஒன்று. சட்னிக்கு ஒரு ஜார், மாவுக்கு ஒரு ஜார், ஜூஸுக்கு ஒரு ஜார். ஜாரைச் செய்கிறவருக்கு மோட்டாரின் உள்விவகாரம் தெரிய வேண்டாம். அடியில் இருக்கும் பல் சரியாகப் பொருந்தினால் போதும்.

2007-ல் ஜெர்மனியிலிருந்து 'கிரீன்ஷாட்' என்றொரு இலவச மென்பொருள் கிளம்பியது. மூல நிரலும் எல்லோருக்கும் திறந்தது. பிரின்ட் ஸ்கிரீனை அமுக்கினால், விண்டோஸுக்கு முன்னால் இது எழுந்து வந்து, எந்தப் பகுதி வேண்டும் என்று கேட்கும். எடுத்து முடித்ததும் ஒரு சின்னப் பட்டியல்: சேமிக்கவா, பிரின்டருக்கு அனுப்பவா, கிளிப்போர்டில் வைக்கவா, இல்லை, நேரே இணையத்தில் ஏற்றவா? அந்தக் கடைசி வேலை முழுக்க ப்ளக்-இன்களுடையது. நிறுவிய இடத்தில் அதற்கென்று ஒரு ஃபோல்டர். உள்ளே இம்கருக்கு ஒன்று, ஃப்ளிக்கருக்கு ஒன்று, ஃபோட்டோபக்கெட், பிக்காஸா, டிராப்பாக்ஸ், பாக்ஸ் என்று ஆளுக்கொரு ஜார். பழைய பதிப்புகளில் இந்தக் கோப்புகளுக்கு ஜி.எஸ்.பி. என்று வால் பெயர். உள்ளுக்குள் சாட்சாத் டி.எல்.எல்.தான், பெயரை மட்டும் மாற்றியிருந்தார்கள்.

ஒரு நொடியில் அந்தக் கோப்பு செய்யும் காரியங்களைப் பாருங்கள். திரையின் நகலை வாங்கி, பி.என்.ஜி.யாகச் சுருக்குகிறது. 1995-ல் அந்த ஜெராக்ஸ்காரர்கள் சொன்ன மாதிரி உறையில் போட்டு, சேவை கம்பெனி தனக்குக் கொடுத்திருக்கும் அடையாள எண்ணை மேலே எழுதி, அனுப்புகிறது. சர்வர் பதிலுக்கு ஒரு முகவரியைத் தருகிறது. அதை எடுத்து கிளிப்போர்டில் வைத்துவிட்டு, 'முடிஞ்சது சார்' என்கிறது. பழைய ஏழெட்டுப் படிச் சடங்கு, இரண்டு க்ளிக்கில் முடிந்தது. இதே காலத்தில் 'இசட்ஸ்கிரீன்' என்ற பெயரில் வளர்ந்து பிறகு 'ஷேர்எக்ஸ்' ஆன மென்பொருள் இன்னும் ஒரு படி மேலே போனது. கோப்பு எழுதத் தெரியாதவர்கூட, சேவையின் விவரங்களை நான்கைந்து வரியில் எழுதிக் கொடுத்துப் புது ஜாரைத் தாமே செய்துகொள்ளலாம்.

கணக்கு வைத்திருக்கும் சேவை என்றால் ஒரு சங்கடம் இருந்தது. உங்கள் பெயரில் படத்தை ஏற்ற, ப்ளக்-இன்னுக்கு உங்கள் பாஸ்வேர்டு தெரிய வேண்டுமே? முன்பெல்லாம் பல சேவைகளில் அப்படித்தான் கொடுத்துக்கொண்டிருந்தோம். வாசலில் பால் பாக்கெட் வைக்க வருகிறவரிடம் பீரோ சாவி உள்பட மொத்தக் கொத்தையும் கொடுப்பது மாதிரி. 2007 கடைசியில் 'ஓஆத்' என்ற முறை வந்தது. பாஸ்வேர்டை சேவையின் பக்கத்தில் மட்டும் கொடுக்கிறீர்கள். அவர்கள் ப்ளக்-இன்னுக்கு ஒரு தனிச் சீட்டு தருகிறார்கள். அந்தச் சீட்டில் அனுமதித்த வேலையை மட்டும் அது செய்யலாம். பிடிக்கவில்லையா, சீட்டைக் கிழித்துவிடலாம்.

*

2009 பிப்ரவரி. ஒஹையோ பல்கலைக்கழகத்தில் கம்ப்யூட்டர் படித்துக்கொண்டிருந்த ஆலன் ஷாஃப், இருக்கிற இலவசத் தளங்களெல்லாம் விளம்பரமும் தொல்லையுமாக இருக்கின்றன என்று வெறுத்துப்போய் 'இம்கர்' என்ற ஒன்றைக் கட்டினார். ரெட்டிட் வாசகர்களுக்கு என் பரிசு என்று சொல்லித்தான் வெளியிட்டார். கணக்கு வேண்டாம், பெயர் வேண்டாம், ஈமெயில் வேண்டாம். படத்தைப் போடு, முகவரியை எடு, போய்க்கொண்டே இரு. ப்ளக்-இன் எழுதுகிறவர்களுக்குக் கொண்டாட்டம். ஸ்கிரீன்ஷாட் மென்பொருள்களில் இம்கர் கிட்டத்தட்ட நிலையான வாசல் ஆகிவிட்டது.

சௌகரியத்துக்கு விலை உண்டே. கணக்கே இல்லாமல் ஏற்றிய படத்தை அழிக்க வேண்டுமென்றால்? ஏற்றும்போதே இம்கர் ஒரு ரகசியச் சங்கேதத்தைத் திருப்பி அனுப்பும். அது கையில் இருந்தால் அழிக்கலாம். கிரீன்ஷாட்டின் ப்ளக்-இன் அதைக் குறித்து வைத்துக்கொண்டு, பழைய ஏற்றங்களைப் பட்டியலாகக் காட்டியது. கம்ப்யூட்டரை மாற்றினீர்களா, குறிப்பு போச்சு. படம் அங்கேயே இருக்கும், நீங்கள் அனாமதேயம்.

அப்புறம் அந்த முகவரிகள். இம்கரின் ஆரம்பகால முகவரியில் படத்தின் பெயர் ஐந்தே எழுத்து. பெரிய எழுத்து, சின்ன எழுத்து, எண்கள் எல்லாம் சேர்த்து 62 குறிகள். பெருக்கிப் பாருங்கள், சுமார் 91 கோடியே 61 லட்சம் பெயர்கள் வரும். நிறையத்தான். ஆனால் ஒரு புரோகிராமை விட்டுத் தட்டிக்கொண்டே இருந்தால் யாருடையதோ ஒரு படம் கிடைத்துவிடும். பிற்பாடு ஏழு எழுத்தாக நீட்டினார்கள். 'லைட்ஷாட்' என்ற இன்னொரு ஸ்கிரீன்ஷாட் மென்பொருள் இன்னும் மோசம். அதன் ஆறெழுத்து முகவரிகள் வரிசையாகவே போயின. கடைசி எழுத்தை ஒன்று கூட்டினால் உங்களுக்கு அடுத்து ஏற்றிய ஆளின் திரை! வங்கிக் கணக்கு, மருத்துவச் சீட்டு, அலுவலகச் சண்டை, பாஸ்வேர்டு என்று மக்கள் எதையெல்லாமோ ஏற்றியிருந்தார்கள். 'லிங்க் தெரிந்தவர்தானே பார்க்க முடியும்' என்ற நம்பிக்கைதான் காரணம். இதை மோப்பம் பிடித்த மோசடிக்காரர்கள், பிட்காயின் கணக்கின் பாஸ்வேர்டு மாதிரி பொய்ப் படங்களை வேண்டுமென்றே ஏற்றிவைத்து, எட்டிப் பார்க்க வந்தவர்களுக்கே தூண்டில் போட்டார்கள். திருடனுக்குத் திருடன்.

2014-ல் இம்கர் முதல் தடவையாக வெளி முதலீடு வாங்கியது. நான்கு கோடி டாலர். கொடுத்தது ஆண்ட்ரீசன் ஹோரோவிட்ஸ் நிறுவனம். ஆமாம், 1993-ல் ஐ.எம்.ஜி. கட்டளையைப் போட்டாரே, அதே மார்க் ஆண்ட்ரீசன்தான். எதிர்வீட்டு பீரோவுக்கு வழிவிட்டவரே இருபது வருடம் கழித்து பீரோ கம்பெனியில் பங்கு வாங்கினார்!

அதே 2014-ல்தான் இமேஜ்ஷாக் இலவசத்தை நிறுத்திக் கட்டணத்துக்கு மாறியது. 2016-ல் கூகுள் தன் பிக்காஸாவுக்கு மூடுவிழா நடத்தியது. அதே வருடம் ரெட்டிட் சொந்தமாகப் படம் ஏற்றும் வசதியைக் கொண்டுவந்தது. எந்த வீட்டுக்காகப் பிறந்ததோ, அந்த வீடே 'இனி நீ வேண்டாம்' என்றது. 2017-ல் ஃபோட்டோபக்கெட் கதை. அடுத்த வருடம் மே மாதம் அந்தக் கம்பெனி இறங்கி வந்து மலிவான கட்டணங்களை அறிவித்தது. அதற்குள் ஏராளமான பேர் பெட்டி படுக்கையைக் கட்டிவிட்டார்கள். அதன் தம்பிக் கடையான டைனிபிக் 2019 செப்டம்பரில் மூடப்பட்டது. டைனிபிக்கில் இருந்த படங்களில் பெரும்பாலானவை யாருடையவை என்று கேட்டால் சொல்வதற்கு ஆளே கிடையாது.

இந்த வருடங்களில் கிரீன்ஷாட்டும் தூங்கிப்போனது. 2017 ஆகஸ்டில் 1.2.10 என்ற பதிப்பு வந்தது. அதற்கப்புறம் விண்டோஸுக்கு அடுத்த நிலையான பதிப்பு வரப் பல வருடங்கள் பிடித்தன. சம்பளம் இல்லாமல் ஓய்வு நேரத்தில் எழுதுகிறவர்கள். குறை சொல்ல நமக்கு வாய் கிடையாது. ஆனால் இதில் நடந்ததைக் கவனியுங்கள். ப்ளக்-இன் கோப்பில் ஒரு எழுத்துகூடக் கெடவில்லை. மறுமுனையில் சர்வர் போனதால் அது வெறும் ஜார். பிக்காஸா மூடிய பிறகும் அதற்கான கோப்பு எத்தனையோ பேரின் கம்ப்யூட்டரில் அதே ஃபோல்டரில் கிடந்தது.

*

இம்கரை 2021 செப்டம்பரில் மீடியாலேப் என்ற கம்பெனி வாங்கியது. 2023 ஏப்ரலில் அறிவிப்பு வந்தது: மே 15 முதல், எந்தக் கணக்கோடும் சேராத, உபயோகத்தில் இல்லாத பழைய படங்களையும், ஆபாசப் படங்களையும் நீக்கப்போகிறோம்.

எந்தக் கணக்கோடும் சேராதவை! பதினான்கு வருடமாக ப்ளக்-இன்கள் இரண்டே க்ளிக்கில் ஏற்றிய ஸ்கிரீன்ஷாட்கள் பெரும்பாலும் அந்த ரகம்தான். ஒரு மென்பொருளில் என்ன பிழை வந்தது, எந்தப் பெட்டியில் டிக் அடித்தால் சரியாகும் என்று முன்பின் தெரியாத ஒருவர் இன்னொருவருக்குக் காட்டிய படங்கள். வருடங்கள் கழித்து அதே பிழையில் மாட்டிக்கொண்டு தேடி வருகிறவருக்கு அந்தப் படம்தான் பதில். ஆர்க்கைவ் டீம் என்ற தொண்டர் கூட்டம், அவகாசம் முடிவதற்குள் முடிந்த அளவுக்கு நகல் எடுக்கக் களத்தில் இறங்கியது. 2009-ல் ஜியோசிட்டீஸ் மூடப்பட்டபோது அள்ளிய அதே கூட்டம். புரோகிராமர்களின் கேள்வி-பதில் தளமான ஸ்டாக் ஓவர்ஃப்ளோ, தன் படங்களை வருடக்கணக்காக இம்கரில்தான் தனி ஏற்பாட்டில் வைத்திருந்தது. 2024-ல் அவற்றையெல்லாம் சொந்த முகவரிக்கு மாற்றிக்கொண்டது. வசதி உள்ளவர்கள் வீடு மாறினார்கள்.

2024 ஏப்ரலில் ஃபோட்டோபக்கெட் பெயர் மறுபடி செய்தியில் அடிபட்டது. ராய்ட்டர்ஸ் வெளியிட்ட ஒரு கட்டுரையில், தங்களிடம் இருக்கும் 1,300 கோடி படங்களையும் வீடியோக்களையும் செயற்கை நுண்ணறிவு கம்பெனிகளுக்குப் பயிற்சிக்குக் கொடுப்பது பற்றிப் பேச்சு நடப்பதாக அதன் தலைவர் சொல்லியிருந்தார். ஒரு படத்துக்கு 5 சென்ட் முதல் ஒரு டாலர் வரை விலை பேசினார்களாம். இருபது வருடமாகப் பராமரிப்புச் செலவு என்ற தலைப்பில் உட்கார்ந்திருந்த மூட்டை, ஒரே நாளில் சொத்து பக்கத்துக்குத் தாவியது! படம் எடுத்தவர்களையும் படத்தில் இருந்தவர்களையும் கேட்டீர்களா என்று அந்த டிசம்பரில் அமெரிக்காவில் வழக்கும் போட்டார்கள். 2005-ல் ஒரு பள்ளிக்கூடப் பெண் மைஸ்பேஸில் ஒட்டிய பிறந்தநாள் படத்துக்கு ஒரு விலை இருக்கிறது, அதை வாங்குகிறவர் ஒரு இயந்திரத்தைப் பழக்குகிறவர் என்று அப்போது யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பார்கள்.

2025 செப்டம்பரில் பிரிட்டனின் தகவல் பாதுகாப்பு ஆணையம், சிறுவர்களின் தகவல்களைக் கையாண்ட விதம் பற்றிய விசாரணையில், இம்கரின் தாய்க் கம்பெனிக்கு அபராதம் போட உத்தேசித்திருப்பதாக நோட்டீஸ் கொடுத்தது. செப்டம்பர் 30-ம் தேதி இம்கர் பிரிட்டனில் கடையைச் சாத்திவிட்டது. தளத்தை மட்டும் என்று நினைக்காதீர்கள். வேறு யாருடைய பக்கத்திலோ ஒட்டியிருந்த இம்கர் படங்களும் அந்த நாட்டில் தெரியாமல் போயின. லண்டனில் உட்கார்ந்து ஒரு பழைய கேள்வி-பதிலைத் திறந்தவருக்கு, படம் இருந்த இடத்தில் ஒரு சாம்பல் நிறக் கட்டம் வந்து நின்றது. உங்கள் பகுதியில் இது கிடைக்காது என்று அதில் எழுதியிருந்தது.